வாங்கோ எண்டு சொல்ல

பார்க் மெட்ரோ வாசலில் பஸ்ஸுக்கு நின்றபோது, முன்னால் நின்ற பெண் தோழியிடம் சொன்னாள்: "என்னோட வேலை செய்யிற பாகிஸ்தான் பஷ்தூன் பிள்ளையின்ர தகப்பனுக்கு இங்க வந்து அவளோட இருக்க விசா வந்திட்டுது. ஆனா மனுசன் ஊரில றோட்டை மறிச்சுக் குந்தியிருக்கிறாராம்."

"ஏனக்கா?"

"அவர் அங்க குலத்துக்குப் பெரியவர். ஆமியும் வேண்டாம், துவக்குத் தூக்கின இயக்கக்காரரும் வேண்டாம், எங்கட மலையை நாங்களே ஆளுறம் எண்டு சனத்தோட இருக்கிறார்."

"பிள்ளை வரச்சொல்லிக் கேக்கேல்லையோ?"

"நேற்று போனில கேட்டவள். 'அங்க பொழுதுபட்ட பிறகு ஆரும் கதவைத் தட்டினா பயப்பிடாமல் திறப்பியோ?' எண்டு தகப்பன் திருப்பிக் கேட்டாராம். ஓம் எண்டிருக்கிறாள். 'அதைத்தான் நாங்கள் இங்க கேக்கிறம்' எண்டாராம்."

"பேந்து?"

"பேந்து வாங்கோ எண்டு சொல்ல அவளுக்கு வாய் வரேல்லை. அவருக்கெண்டு ஒழுங்குபடுத்தின அறையில இப்ப அவள்தான் படுக்கிறாள்."