ஒரே டேக்கில்

நான் யாரிடமும் குரல் உயர்த்திப் பேசாதவன். என் படங்களில் வேலை செய்த யாரை வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள்.

அவளைப் பற்றிக் கேட்டீர்கள். பெரிய படங்களில் கதாநாயகிக்குத் தோழியாகக் கூப்பிட்டார்கள், போகவில்லை. என்னுடையதைப் போன்ற சின்னப் படங்களில்தான் நடித்தாள். உடையைத் தானே தைத்துக்கொண்டு வருவாள். மற்ற நாட்களில் டப்பிங்கில் பிறருக்காக அழுது வயிற்றைக் கழுவினாள். "வெங்காயம் உரிக்கிறவங்க மாதிரி சார், அழுதாத்தான் எனக்குச் சோறு" என்று சிரிப்பாள். கணவன் விட்டுப் போன பிறகு வீட்டில் அவளும் தங்கையும் குட்டியும்தான். குட்டி அவள் மகள். அடிக்கடி இளைப்பு வரும் பிள்ளை.

அன்று, மகள் இறந்த செய்தியைத் தாய் கேட்கும் காட்சி. காலையிலிருந்து எடுத்தும் சரியாக வரவில்லை. நன்றாகத்தான் அழுதாள், ஆனால் அழத் தெரிந்தவள் அழுவதாகவே இருந்தது. வெளிச்சம் வேறு இறங்கிக்கொண்டிருந்தது.

படப்பிடிப்பில் எல்லோருடைய போனையும் நான் வாங்கி வைத்துக்கொள்வேன். அவளுடையது அதிர்ந்தது. தங்கை.

"சார், அக்காகிட்ட குடுங்க. குட்டியால மூச்சு விட முடியல. இன்ஹேலர் அக்கா பையிலயே போயிடுச்சு."

"ஷாட் போயிட்டிருக்கும்மா. வண்டியில குடுத்து அனுப்பறேன்."

"ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடிடவா?"

"வேணாம். நீ அந்தப் பக்கம் போவ, வண்டி இந்தப் பக்கம் வரும். பதறாம வீட்டுலயே இரு."

வண்டி வாசலில்தான் நின்றது. டிரைவர் அதில் சாய்ந்து செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். நான் அவரைக் கூப்பிடவில்லை. விஷயம் தெரிந்தால் அவள் கிளம்பிவிடுவாள், காட்சி போய்விடும் என்றுதான் முதலில் நினைத்தேன். போன் மறுபடி அதிர்ந்தபோது வேறு மாதிரி நினைக்கத் தொடங்கியிருந்தேன். எடுக்கவில்லை. அதற்கடுத்த முறை எடுத்தேன். தங்கை பேசவில்லை; அழுதாள்.

ஒளிப்பதிவாளரிடம், ஓடவிடுங்கள், நான் சொல்லும்வரை நிறுத்த வேண்டாம் என்றேன். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று மெதுவாகச் சொன்னேன்.

"நம்ம குட்டி போயிட்டாம்மா. நிஜமாத்தான் சொல்றேன். தங்கச்சி போன் பண்ணா."

அவள் அழவில்லை. தோளில் கிடந்தது அவளுடைய சொந்தப் பைதான். சின்னப் படங்களில் அப்படித்தான். அதைத் திறந்து, துழாவி, இன்ஹேலரை எடுத்து என் பக்கம் நீட்டினாள்.

"இது எங்கிட்டதானே இருக்கு" என்றாள்.

வண்டி வழி தவறிவிட்டது என்று தங்கையிடம் சொன்னேன். டிரைவரை வேலையிலிருந்து நிறுத்தினேன். அவர்தான் உங்களிடம் வந்திருக்க வேண்டும். அவர் சொன்னது உண்மை. அனுப்ப மறக்கவில்லை, அனுப்பவில்லை.

படத்துக்கு விருது கிடைத்தது. சிறந்த நடிகை. அவள் வாங்கப் போகவில்லை. அதற்குப் பிறகு நடிக்கவுமில்லை. அந்தக் காட்சியைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினார்கள். அது நடிப்பில்லை என்று இன்றுவரை நான் யாரிடமும் சொன்னதில்லை. பாவம், கஷ்டப்பட்டுச் சம்பாதித்த பெயர். என்னால் அது கெட்டுவிடக் கூடாது.