கடைசி மருந்துப் பெட்டி

கேக் செய்யும்போது எலுமிச்சைத் தோலைக் கொஞ்சம் கூடவே துருவிப் போடுவேன். இதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் நூலகத்தில் தட்டில் இருந்த கடைசித் துண்டை நீங்கள் எடுத்துச் சாப்பிட்ட அன்று, "நல்லா இருக்கே, என்ன போட்ட?" என்று கேட்டீர்கள். எனக்கு வாய் திறக்க வரவில்லை. கடைசித் துண்டை ஒருவர் அப்படியே எடுத்து நான் பார்த்ததில்லை.

மிசஸ் பெட்டிஃபோர்ட், போன புதன்கிழமை கம்ப்யூட்டர் ஆட்டத்தில் ட்ரக் உங்கள் மேல் எப்படி ஏறியது என்று அரைப் பக்கம் எழுதித் தரச் சொன்னீர்கள். அரைப் பக்கம் போதவில்லை. மன்னிக்கவும்.

நீங்கள் நம் நூலகராகச் சிகாகோவிலிருந்து வந்து ஆறு மாதம்தான் ஆகிறது. அதனால் சிலவற்றை விளக்க வேண்டியிருக்கிறது. வடக்கு மினசோட்டாவில் ஒருவர் காபி வேண்டுமா என்று கேட்டால் வேண்டாம் என்போம். இரண்டாவது முறை கேட்டாலும் வேண்டாம்தான். மூன்றாவது முறை கேட்டால்தான் அவர் நிஜமாகவே கேட்கிறார் என்று அர்த்தம். அப்போது, "சரி, அரை கப்" என்போம். தட்டில் கடைசித் துண்டு இருந்தால் அதைத் தொடமாட்டோம். யாராவது கத்தியால் பாதி எடுப்பார்கள். அடுத்தவர் அந்தப் பாதியில் பாதி. கடைசியில் நகக்கண் அளவு கேக் இரண்டு நாள் தட்டில் காய்ந்து கிடக்கும். நீங்கள் அன்று எடுத்ததைப் பற்றி ஊர் இரண்டு வாரம் பேசியது. யாரும் தவறாகப் பேசவில்லை. "பசியா இருந்திருக்கும், பாவம்" என்றுதான் பேசினார்கள்.

ஆட்டத்தைப் பற்றி. நீங்கள் ஒரே ஒரு முறை ஆடியிருக்கிறீர்கள். புதன்கிழமை மாலை ஆறு மணிக்கு, சுற்றியுள்ள ஊர்களின் நூலகங்களில் இருபது அணிகள் உட்காரும். அணிக்கு நாலு பேர். எண்பது பேரும் திரையில் ஒரு தீவில் பாராசூட்டில் இறங்குவோம். கிடைத்த துப்பாக்கி, தலைக்கவசம், மருந்தை எடுத்துக்கொள்வோம். தீவைச் சுற்றி ஒரு நச்சுப் புகை வட்டம் சுருங்கிக்கொண்டே வரும். கடைசியாக உயிரோடு நிற்கும் அணி ஜெயிக்கும். ஜெயித்த ஊரின் நூலக மேசையில் பரிசாக, மரத்தில் செதுக்கிய ஒரு மீன் ஒரு வாரம் உட்கார்ந்திருக்கும். நம் மேசைக்கு அது வந்ததே இல்லை.

எங்கள் அணியில் என் அக்கா மார்லிஸ், அவளுக்கு நிச்சயமான ஓரின் ஸ்காலா, எதிர்வீட்டு கஸ் ருப்னிக், நான். கஸ்ஸுக்கு எழுபத்திரண்டு வயது. சுரங்கத்தில் நாற்பது வருடம் ராட்சத மண்வெட்டி இயந்திரம் ஓட்டியவர், காது மந்தம். ஹெட்போன் போட்டுக்கொண்டு அவர் பேசினால் ஹெட்போன் இல்லாதவர்களுக்கும் கேட்கும். எங்கே இறங்குவது, எப்போது நகர்வது என்று சொல்வது நான். குடிநீர் ஆய்வகத்தில் வேலை செய்கிறேன். எதையும் குறித்துவைப்பது பழக்கம். இந்த ஆட்டத்துக்கென்றே ஒரு நோட்டு வைத்திருக்கிறேன்.

அதிலிருப்பது எல்லாம் சாதாரண விஷயங்கள். கூட்டம் இறங்கும் இடத்தில் இறங்காதே. துப்பாக்கிக்கு முன் தலைக்கவசத்தைத் தேடு. உள்ளே போனால் கதவைச் சாத்து. திறந்த கதவு, ஆள் இருக்கிறது என்று ஊருக்கே சொல்லும். பார்த்தவுடன் சுடாதே; சத்தம் நீ இருக்கும் திசையைக் காட்டிக்கொடுக்கும். இரண்டு அணிகள் அடித்துக்கொண்டால் முடியும்வரை காத்திரு. வட்டத்தின் விளிம்பு உன் முதுகுக்குப் பின்னால் இருக்கட்டும், அந்தப் பக்கமிருந்து யாரும் வரமாட்டார்கள். கடைசி ஐந்து நிமிடத்தில் மருந்தைச் சேமிக்காதே, போட்டுக்கொள். இவ்வளவுதான். இதை ஒழுங்காகச் செய்தால் மாதம் ஒரு முறையாவது ஜெயிக்கலாம் என்பது என் கணக்கு.

போன ஏப்ரலில் ஓரின் வேலை செய்த சுரங்கத்தை மூடினார்கள். அரிசோனாவில் ஒரு செம்புச் சுரங்கம் அவருக்கு வேலை கொடுத்தது. மார்லிஸ் கூடப் போவதாக இருந்தது, அங்கேயே கல்யாணம். மே மாதம் சர்ச்சில் பிரிவு விருந்து. அதற்கு முன் மூன்று புதன்கிழமை தொடர்ந்து நாங்கள் இரண்டாம் இடம். எல்லோரும் ஓரினைச் சீண்டினார்கள்.

"என்னப்பா, மீனப் பாக்காமலே போறியா?"

"அரிசோனாவுல தண்ணியே கிடையாதாம். மீனுக்கு எங்க போவ?"

ஓரின் எழுந்து நின்று, "ஒரு தடவ ஜெயிச்சிட்டுத்தான் போவேன்" என்றார். எல்லோரும் கை தட்டினார்கள். மிஞ்சிப்போனால் மூன்று வாரம் என்று அவர் நினைத்திருப்பார். அரிசோனாக்காரர்களும் காத்திருக்கிறோம் என்றார்கள். வீட்டை ஏற்கெனவே விற்றிருந்ததால் இரண்டு பேரும் என் வீட்டு மாடி அறைக்கு வந்தார்கள். மூன்று வாரத்துக்கு.

இங்கே நாலு பேர் முன்னால் சொன்ன சொல்லைத் திரும்ப வாங்க முடியாது. ஏன் மாற்றிக்கொண்டாய் என்று யாரும் வாய்விட்டுக் கேட்கமாட்டார்கள். அதுதான் கஷ்டமே.

அடுத்த புதன்கிழமை ஆட்டத்தில் ஒரு பண்ணைவீட்டுக்குள் போனோம். நான் கடைசியாக நுழைந்தேன். கதவைச் சாத்தவில்லை. வேறொன்றும் செய்யவில்லை. இரண்டு நிமிடத்தில் ஒரு அணி உள்ளே வந்தது.

அப்புறம் சில வாரம் அப்படியே போயிற்று. ஒரு கதவு, ஒரு முறை அவசரமாக ஒரு குண்டு, ஒரு முறை மலைக்குப் பதில் பள்ளம். ஆனால் நோட்டை எழுதியவளே நோட்டுக்கு எதிராக நடந்தால் ஒருநாள் யாராவது கவனிப்பார்கள். அதைவிட எளிமையான வழி ஒன்று ஜூலையில் தெரிந்தது. கடைசி வட்டத்துக்கு வெளியே ஒரு கொட்டகை. நாலு பேருக்கும் அடி. தரையில் ஒரே ஒரு மருந்துப் பெட்டி. நான் நல்லெண்ணத்தில்தான் சொன்னேன், "கஸ், நீங்க எடுத்துக்கங்க" என்று.

"எனக்கெதுக்கு? நான் நல்லாத்தான் இருக்கேன். ஓரின் எடுக்கட்டும்."

"வேணாம் கஸ், எனக்கு சும்மா சிராய்ப்பு."

"சிராய்ப்பா? உன் ஹெல்த்து நூல் மாதிரி தொங்குது, எனக்கே தெரியுது."

"அப்ப மார்லிஸ் எடுக்கட்டும்."

"நான் இப்பதானே ஒண்ணு போட்டேன்." அவள் போட்டு இருபது நிமிடம் ஆகியிருந்தது. "ஐலி, நீ எடு."

"வேண்டாம், நீங்க யாராவது எடுங்க."

"பாதி பாதியா பிரிச்சிக்கலாமா?" என்றார் கஸ். மருந்துப் பெட்டியைப் பிரிக்கும் பொத்தான் ஆட்டத்தில் இல்லை. அவர் அதைத் தேடிக்கொண்டிருக்கும்போது நச்சுப் புகை வந்து நாலு பேரும் செத்தோம். பெட்டி தரையிலேயே இருந்தது. எதிர் அணியில் ஒருவர்தான் பாக்கி, அவரிடம் குண்டும் இல்லை என்று பிறகு கேள்விப்பட்டோம்.

"பரவால்ல, அடுத்த வாரம்" என்றார் ஓரின்.

அதற்குப் பிறகு நான் கதவையெல்லாம் ஒழுங்காகச் சாத்தினேன். நோட்டில் உள்ளபடியே நடத்திச் சென்றேன். அதனால்தான் எப்போதும் கடைசிவரை போனோம். கடைசி மருந்து தரையில் கிடக்கும்போது, "நீங்க எடுத்துக்கங்க" என்பேன். எங்கள் அணியில் யாரையும் நான் சுட்டதில்லை. உபசரித்தேன். பத்தொன்பது முறை இரண்டாம் இடம். ஊரே எங்களைப் பாராட்டியது.

நவம்பரில் ஓரினுக்கு மனம் தடுமாறியது. பனியைத் தள்ளிக்கொண்டிருந்தவர் நிறுத்தி, "ஐலி, பேசாம கிளம்பிடலாமான்னு இருக்கு. ஒரு விளையாட்டுக்காக எத்தனை நாள்?" என்றார்.

"கிளம்புங்க. யாரும் ஒண்ணும் நினைக்கமாட்டாங்க" என்றேன்.

சிகாகோவில் இதற்கு என்ன பொருள் என்று எனக்குத் தெரியாது. இங்கே, எல்லோரும் நினைப்பார்கள் என்று பொருள். ஓரின் மீதிப் பனியையும் தள்ளிவிட்டு உள்ளே வந்தார். அரிசோனாவுக்குப் போன் போட்டுத் தவணை கேட்டார். அது இரண்டாவது தவணை. மூன்றாவதை பிப்ரவரியில் கொடுத்தார்கள். ஏப்ரல் ஒன்றாம் தேதிக்கு மேல் காத்திருக்கமாட்டார்களாம். அதற்கு முன் இருப்பது ஒரே ஒரு புதன்கிழமை, நாளை மறுநாள்.

கல்யாணத்தை இரண்டு முறை தள்ளிப்போட்டாயிற்று. உடை என் அலமாரியில் தொங்குகிறது. பூச்சி அரிக்காமல் இருக்க ஆகஸ்டில் அந்துருண்டை வாங்கிப் போட்டேன். ஜனவரியில் ஒருநாள் மார்லிஸ் காரை வாசலில் நிறுத்தி, இன்ஜினை அணைக்காமல் நாற்பது நிமிடம் உள்ளே உட்கார்ந்து அழுதாள். சமையலறை ஜன்னலிலிருந்து பார்த்தேன். அடுப்பில் உருளைக்கிழங்கு வைத்த பாத்திரம் இருந்தது. அது வெந்ததும் இறக்கி வைத்துவிட்டுக் காபி கொண்டுபோனேன். "நீ இல்லன்னா நான் என்னடி பண்ணுவேன்" என்றாள். அன்று ராத்திரி மூன்று பேரும் உருளைக்கிழங்கை இரண்டு தரம் போட்டுக்கொண்டோம்.

ஓரின் மேல் எனக்கு ஆசை என்று நீங்கள் நினைக்கலாம். இல்லை. அவர் சூப்பை உறிஞ்சிக் குடிப்பார்.

காரணங்கள் உண்டு. மார்லிஸ் ஏரிக்கரையில் இருபது நிமிடம் உட்கார்ந்தாலே தோல் சிவந்துவிடும்; அரிசோனா வெயிலில் என்ன ஆவாள்? அங்கே பாம்பு உண்டு. கஸ்ஸுக்குப் புதன்கிழமை இல்லாவிட்டால் பேச ஆள் கிடையாது. இதையெல்லாம் எடைபோட்டுப் பார்த்தால் யாரும் என் பக்கம்தான் பேசுவார்கள். ஆய்வகத்தில் ஒரு நாளில் நான் பேசுவது "குட் மார்னிங்", "நாளைக்குப் பாக்கலாம்". நடுவில் எட்டு மணி நேரம் தண்ணீர் பாட்டில்கள். புதன்கிழமை ஹெட்போனை மாட்டினால் காதுக்குள் மூன்று பேர், "ஐலி, எங்க இறங்கலாம்?" என்று கேட்பார்கள். இதைச் சும்மா ஒரு தகவலுக்காக எழுதுகிறேன். இது காரணம் இல்லை.

இனி ட்ரக்.

கஸ்ஸுக்குக் கண்புரை அறுவை. அவர் இடத்தில் நீங்கள் உட்கார்ந்தீர்கள். ஓரினும் மார்லிஸும் முதல் மருந்துப் பெட்டியை ஒருவருக்கொருவர் கொடுத்துச் செத்தார்கள். நீங்களும் நானும் பாக்கி. கிணற்றுக்குப் பின்னால் எதிரி ஒருவர். தரையில் ஒரு பெட்டி. "நீங்க எடுத்துக்கங்க" என்றேன்.

"தேங்க்ஸ் கண்ணு" என்று எடுத்துக்கொண்டீர்கள்.

"எடுத்துட்டாங்களா?" என்றார் ஓரின்.

"எடுத்துட்டாங்க" என்றாள் மார்லிஸ். "ஓரின், ஹெல்த் முழுசா ஏறிடுச்சு. ஜெயிக்கப் போறோம்."

நீங்கள் எழுந்து கிணற்றைக் குறி வைத்தீர்கள். பதினோரு மாதத்தில் யாரும் அப்படி எழுந்ததில்லை. நான் ட்ரக்கில் உட்கார்ந்திருந்தேன். சொந்த அணியின் குண்டு இந்த ஆட்டத்தில் நம்மைக் காயப்படுத்தாது. சொந்த அணியின் ட்ரக் கொல்லும். நோட்டில் ஒன்பதாம் பக்கம். ட்ரக் உங்கள் மேல் ஏறியது, அடுத்த குண்டில் கிணற்றடி எதிரி என்னையும் முடித்தார்.

கை நழுவிவிட்டது என்று அன்று சொன்னேன். தண்ணீர் மாதிரியை ஒரு சொட்டுச் சிந்தாமல் ஊற்றும் கை இது. நழுவவில்லை.

நீங்கள் சிரித்தீர்கள். "உனக்கெல்லாம் எவன் லைசென்ஸ் குடுத்தான்?" என்றீர்கள். எல்லோரும் சிரித்தார்கள், மார்லிஸைத் தவிர. எல்லோரும் போன பிறகு நாற்காலிகளை அடுக்கிக்கொண்டே மெதுவாகச் சொன்னீர்கள். "பழைய ஆட்டமெல்லாம் கம்ப்யூட்டர்ல பதிவாகியிருக்கு. பன்னெண்டு பாத்தேன். ஒவ்வொண்ணுலயும் முதல்ல 'நீங்க எடுத்துக்கங்க'ன்னு சொல்றது நீதான். எழுதிக் குடு. குடுத்தப்புறம் அவங்ககிட்ட நீயே சொல்லு."

இந்த ஊரில் பிறந்த யார் கண்ணிலும் அது பட்டிருக்காது.

எழுதிவிட்டேன். செய்தது நான்தான், எல்லாமே. அவர்களிடம் சொல்வது கொஞ்சம் பொறுக்கட்டும். அதைவிட நல்ல வழி தோன்றியது: நாளை மறுநாள் நான் ஆடாமல் இருந்துவிட்டால் போதும். என் நாற்காலியில் நீங்கள் உட்காருங்கள், அவர்கள் ஜெயிப்பார்கள். நேற்று சாப்பிடும்போது மணிக்கட்டு வலிக்கிறது, இந்த வாரம் வரவில்லை என்றேன்.

"நீ இல்லாமயா? எங்க இறங்கணும்னே எங்களுக்குத் தெரியாதே" என்றார் ஓரின். வேண்டாம் என்றேன். படுக்கப் போகும் முன் மார்லிஸ் கதவருகே வந்து நின்றாள். "கடைசித் தடவடி, வாயேன்." வேண்டாம் என்றேன். உறுதியாகத்தான் சொன்னேன்.

இன்று காலை கஸ் ஒற்றைக் கண்ணில் கட்டோடு பனியில் தெருவைக் கடந்து வந்து கதவைத் தட்டினார். "இந்தக் கண்ணோட நானே வரேன். உனக்கு மணிக்கட்டாம் மணிக்கட்டு. வர்றியா இல்லியா?" என்று தெரு முழுக்கக் கேட்கும்படி கேட்டார்.

அது மூன்றாவது முறை, மிசஸ் பெட்டிஃபோர்ட். மூன்றாவது முறையும் மறுத்தால் மரியாதையாக இருக்காது. அதனால்தான் சம்மதித்தேன், வேறொன்றும் இல்லை.