மழையில் ஒளிர்ந்த நெற்றிகள்

லோரி நிற்கவில்லை. கிள்ளான் பாலத்தைத் தாண்டிவிட்டது. தலைக்கு மேல் அந்தச் சத்தம். பழைய தையல் மெஷின் ஓடுவது போல. ஓடும்வரை பயமில்லை. நின்றால்தான் பயம். நின்றது. பின்னால் இரண்டு வெடி. ஒன்று காய்ந்த சத்தம். மற்றது அமுங்கிய சத்தம். ஆற்றில் விழுந்திருக்கும்.

செவ்வாய்க்கிழமை. மாலை. டிரைவர் சுரேஷைச் சேர்த்து நாங்கள் பதினாலு பேர். பிரிக்பீல்ட்ஸிலிருந்து கேரி தீவுக்குப் போகிறோம். அங்கே செம்பனை மரங்களுக்கு அடியில் இருப்பவர்கள் மேலிருந்து தெரிவதில்லையாம். தார்ப்பாய்க்குக் கீழே முட்டியோடு முட்டி இடிக்கிறது.

மேலே சுற்றும் ட்ரோன்கள் வெளிச்சத்தைத்தான் தேடுகின்றன. ஆகவே நிலாத்தூள் பட்டவர்களை எந்த வாகனத்திலும் ஏற்றக்கூடாது என்று உத்தரவு. நல்ல உத்தரவு. பிழையில்லாத நடை. அரசாங்கத்தில் அவசர வெளியேற்ற விதிகளை எழுதியே ஓய்வு பெற்றவன் சொல்கிறேன்.

நிலாத்தூள் போர் தொடங்கியபின் கரையோரச் சேற்றில் கிடைத்தது. வெள்ளை. சூடில்லை. மணமில்லை. தானாக ஒளிரும். மின்சாரம் போன வீடுகளுக்குப் பாசார் கடைகளிலிருந்து பொட்டலம் பொட்டலமாக வந்தது. கொண்டாடினோம். தோலில் பட்டால் போகாது. நனைந்தால் இன்னும் பிரகாசிக்கும். இரண்டும் பிறகுதான் தெரிந்தது.

கப்பல்கள் நின்றன. இந்தியாவிலிருந்து திருநீறு வருவதும் நின்றது. என் மனைவி பரமேஸ்வரி வெறும் நெற்றியோடு இருக்க மாட்டாள். சாமித் தட்டில் நிலாத்தூளைக் கொட்டினாள். மூன்று விரலால் பூசினாள்.

"என்ன, நெத்தியில பல்பு போட்டிருக்கிறீர்?" என்றேன்.

"உங்களுக்குத் திருநீறும் தேவையில்லை, பல்பும் தேவையில்லைத்தானே. பேசாம இருங்கோ."

ஒரே வாரத்தில் தெருவில் பாதிப் பேர் அப்படித்தான் பூசினார்கள்.

லோரி ஏறிய அன்று அவள் நெற்றியில் கறுப்புத் துணியை இறுக்கிக் கட்டியிருந்தாள். ஏறும்போது சுரேஷ் அவளை நன்றாகப் பார்த்தான்.

"ஆன்டி, தலைவலியா?"

"ஓம் தம்பி."

"மழை வராம இருந்தா சரி லா."

தொப்பியைப் புருவம்வரை இழுத்துவிட்டுக்கொண்டு போய் ஓட்ட உட்கார்ந்தான்.

தெலுக் பங்லிமா காராங் வந்துவிட்டது. தொழிற்சாலைச் சுவர்கள். மழை வருகிறது. தார்ப்பாய் ஒழுகுகிறது. துணி நனைகிறது. கறுப்புக்குள்ளிருந்து மூன்று வெள்ளைக் கோடுகள் கசிகின்றன. மறைக்கக் கை நீட்டுகிறேன். தட்டிவிடுகிறாள்.

"தொடாதேங்கோ. ஒட்டிக்கொள்ளும்."

எதிரே ஒருவன் கைகளைக் கக்கத்தில் செருகுகிறான். விரல்களின் இடுக்கில் வெளிச்சம். அடுத்த பெண்ணின் வகிட்டில் வெளிச்சம். ஒரு பெரியவரின் நெற்றி. பிறகு எல்லோரும். உத்தரவை மீறாதவன் அந்த லோரியில் நான் ஒருவன்தான். பக்தியில்லாதவனுக்குக் கிடைத்த சலுகை.

தார்ப்பாயின் கிழிசல்கள் வழியே வெளிச்சம் சாலையில் விழுகிறது. மேலே தையல் மெஷின். சுரேஷ் பிரேக்கை மிதித்தான். ஓடி வந்து தார்ப்பாயைப் பிடுங்கினான். தொப்பி இல்லை. அவன் நெற்றியும் ஒளிர்ந்துகொண்டிருந்தது.

"எறங்குங்க! எறங்குங்க! சேத்துல படுங்க! மூஞ்ச சேத்துல வைங்க!"

சொன்னதை அவனே செய்தான். மற்றவர்கள் செய்யவில்லை. ஓடினார்கள். ஒரே சுவரை நோக்கி.

"பிரிஞ்சு போங்க! ஒண்ணா ஓடாதீங்க!" நான் கத்தினேன். விதிகளில் அது இருந்தது. பயந்தவர்கள் ஆட்களை நோக்கித்தான் ஓடுவார்கள் என்பது இல்லை. மழையைப் பற்றியும் அதில் ஒரு வாக்கியம் இல்லை.

பரமேஸ்வரியிடம் கையை நீட்டினேன். அவள் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனாள்.

"வராதேங்கோ. நீங்கள் இருட்டில நில்லுங்கோ."

என்னை விட்டு விலகிச் சாலையைக் கடந்தாள். முட்டி வலிக்காரி. ஓடவில்லை. நடந்தாள். 'ஓடாதீர்கள், நடந்து செல்லுங்கள்.' நான் எழுதிய வாக்கியம். அதன்படி நடந்து நான் பார்த்தது அவளை மட்டும்தான்.

பின்னால் போனேன். பாதிச் சாலை. சத்தம் நின்றது.

வடிகாலுக்குள் கிடக்கிறேன். காதுக்குள் ஒரே ரீங்காரம். மழை மட்டும் விடவில்லை. சேற்றிலிருந்து சுரேஷ் தலையைத் தூக்குகிறான்.

"அங்கிள்! இருக்கீங்களா?"

இருந்தேன்.

எண்ணுவதற்கு டார்ச் தேவைப்படவில்லை. செத்தவர்களிடம் வெளிச்சம் குறைவதில்லை. முதலில் எண்ணியபோது இருபத்தெட்டு வந்தது. சுரேஷ் தள்ளிப் போய் வாந்தி எடுத்தான். ஆட்களாகச் சேர்த்து மறுபடி எண்ணினோம்.

லோரி ஒன்று. துணிமூட்டைகள் பதினொன்று. சமையல் பானை ஒன்று. ஆண்கள் ஐந்து. பெண்கள் ஏழு. அதில் ஒருத்தி பரமேஸ்வரி. வயது அறுபத்தேழு. மூன்று கோடுகளும் அழியாமல் இருந்தன.