பிண வண்டியில் முன்சீட்டு

— நான் ஏற மாட்டேன் லூஷியஸு. உன் பொண வண்டியில ஏறுற நாள் வரும். அன்னைக்கு நாலு பேர் தூக்கிட்டு வருவாங்க.

— ஒடெஸ்ஸா அக்கா, காலப் பாருங்க, எப்படி வீங்கிக் கிடக்கு. மூணு மாசமா நடந்தது போதாதா?

— போதும்னு நான் சொன்னேனா? கறுப்பு ஜனம் பின்னாடிதான் உக்காரணும்னு சொல்ற வரைக்கும் பஸ்ல ஏற மாட்டோம்னு சர்ச்சுல கை தூக்கினவ நான்.

— கை தூக்கினீங்க சரி, கால ஒரு வார்த்தை கேட்டீங்களா?

— கிண்டலா? ஏழு மணிக்குப் போயி நான் அடுப்பு பத்த வைக்கலைன்னா வேலை போச்சு. இன்னொரு நாள் லேட்டானா வராதேன்னு எஜமானியம்மா நேத்தே சொல்லிட்டா.

— இப்பவே ஆறே முக்கால். நம்மாளுங்க கார்ல ஆள் ஏத்தினா போலீஸ் மடக்கி உள்ள தள்றான். இந்த வண்டிய மட்டும் தொட மாட்டான். அலபாமாவுல பொணத்த எவனும் வழி மறிக்க மாட்டான். பின்னாடி ஏறி திரைய இழுத்து விட்டுக்கங்க.

— என்ன சொன்னே?

— பின்னாடி உக்காருங்கன்னு...

— நீயுமா தம்பி?

— ஐயோ, தப்புதான். முன்னாடியே வாங்க. புருஷனப் பறிகொடுத்தவ மாதிரி மூஞ்சிய மட்டும் வச்சுக்கங்க.

— அவன் போயி இருபது வருஷமாச்சு. அப்பவே நான் அழல. ம், வண்டிய விரட்டு.

— இதுக்கு மேல விரட்டினா பெட்டி ஆடும்.

— காலிப் பெட்டிதானே, ஆடட்டும். என் வேலை போகாம இருந்தா சரி.

— அக்கா, முனையில போலீஸ்காரன். தலையக் குனிஞ்சுக்கங்க.

— கிட்ட வர்றானா?

— இல்ல. தொப்பியக் கழட்டி நெஞ்சுல வச்சுக்கிட்டு நிக்கிறான். செத்தாதான் நமக்கு மரியாதை பண்ணுவானுங்க போல.

— இரு. இந்த மூஞ்சி...

— தெரிஞ்சவனா?

— ஆறு வருஷம் முன்னாடி பஸ்ல வெள்ளைக்காரனுக்கு எந்திரிச்சு இடம் விட மாட்டேன்னு உக்காந்தேன். தனியா. அப்ப கூட்டமும் இல்ல, பேப்பர்லயும் வரல. என் முடியப் பிடிச்சு இழுத்து ரோட்டுல போட்டவன் இவன்தான்.

— அக்கா... இத்தன நாள் இத ஏன் யார்கிட்டயும் சொல்லல?

— யாரு கேட்டா?

— நல்லாப் பிடிச்சுக்கங்க. ஏழுக்குள்ள உங்கள அந்த வீட்டு வாசல்ல இறக்கி விடறேன்.

— வேண்டாம், மெதுவா போ. அவன் இன்னும் கொஞ்ச நேரம் தொப்பியக் கையில வச்சுக்கிட்டு நிக்கட்டும்.