ஒண்ணே முக்கால் கிலோ

இல்ல மேடம், வலி ஒண்ணும் பெருசா இல்ல. கையில தையல் போட்ட இடம்தான் கொஞ்சம் இழுக்குது. நீங்க கேளுங்க. ஸ்டேஷன் வேணாம், இந்த ரூம்லயே பேசிக்கலாம், கண்ணாடி வழியா வார்டு என் கண்ணுல பட்டுக்கிட்டே இருக்கணும். பேப்பர்ல வந்தது கிடக்கட்டும். பச்சக் குழந்தைங்களக் காப்பாத்தின நர்ஸுன்னு என் போட்டோவப் பெருசா போட்டு, என் தம்பி அதைக் கண்ணாடி போட்டு மாட்டப் போறேங்கறான். கொன்னுடுவேன்டான்னேன். பாருங்க, என்ன வார்த்தை வருது வாயில.

முதல்லேர்ந்தா? சரி. அந்தப் பொண்ணப் பக்கத்து வீட்டுக்காரிதான் ஆட்டோல தூக்கிப் போட்டுக் கூட்டிட்டு வந்தா. வலி வந்து ரெண்டு மணி நேரம் ஆயிருந்துச்சு. துணிய மாத்தும்போது பாத்தேன். வயித்துக்குச் சுத்திலும் துணியால இறுக்கிக் கட்டியிருந்த தடம். அதுக்குக் கீழ ஷூ தடம். அடிப்பாகத்துல இருக்கிற வரிகூட அப்படியே பதிஞ்சிருந்துச்சு மேடம், நேத்து வாங்கின ஷூ போல. முதுகுல பெல்ட்டு. பழசு, புதுசு, அதுக்கு மேல புதுசு. யாரு அடிச்சதுன்னு கேக்கல. அவ கழுத்துல தாலி இருந்துச்சு, அதுக்கு மேல என்ன கேக்கறது.

அவ புருஷன் கப்பல்ல வேலை பாக்கறவன். ஒன்றரை வருஷம் கடல்ல இருந்துட்டு ஊருக்குத் திரும்பி அன்னைக்கு ஏழு மாசம். நல்லாக் கேட்டுக்கோங்க, ஏழு மாசம்.

குழந்தை பொறந்துச்சு. பொம்பளப் புள்ள. பெத்தவ முதல்ல என்ன கேப்பா? ஆணா பொண்ணான்னு கேப்பா, கை காலெல்லாம் சரியா இருக்கான்னு கேப்பா. இவ என் மணிக்கட்டப் புடிச்சுக்கிட்டு, எடை எவ்வளவு சிஸ்டர்னா. ஒண்ணே முக்கால் கிலோம்மான்னேன். அந்த எடையச் சொன்னா எந்தத் தாயும் அழுவா. இவ கண்ண மூடிக்கிட்டுச் சிரிச்சா.

நான் புள்ளைய விளக்குக்குக் கீழ கொண்டு போய் மறுபடி ஒரு தடவை பாத்தேன்.

உங்களுக்கு ஒண்ணு புரியணும், அப்பதான் மீதி விளங்கும். பொறக்குற குழந்தைக்கு ரெண்டு கணக்கு. எத்தனை வாரம் உள்ள இருந்துச்சு, எத்தனை கிராம் இருக்கு. வெளிய எல்லாரும் ரெண்டையும் ஒண்ணாப் போட்டுக் குழப்பிக்கிறாங்க. சீக்கிரம் பொறந்தது வேற, சின்னதாப் பொறந்தது வேற. அதோ மூலைல குழாயோட கிடக்குதே, அது இருபத்தேழு வாரம், பொறந்தப்போ தொள்ளாயிரத்து நாப்பது கிராம். அதோட நுரையீரல் இன்னும் வேலையே கத்துக்கல. மெஷின்தான் அதுக்கு மூச்சு. மாசம் நிறைஞ்சும் தீனி இல்லாம வயித்துக்குள்ளயே காஞ்சு போனது இன்னொரு ஜாதி. எலும்பும் தோலுமா இருக்கும், கிழவி மூஞ்சி இருக்கும், ஆனா வந்ததும் வீறிட்டு அழும். தானா மூச்சு விடும், பால் உறிஞ்சும். உடம்பு குளிராம, சர்க்கரை இறங்காமப் பாத்துக்கிட்டா பொழைச்சுக்கும். எடை ஒண்ணா இருந்தாலும் ரெண்டுக்கும் விதி ஒண்ணு இல்ல.

எப்படித் தெரியும்னா, காதுமடலப் பாப்போம். உள்ளங்காலப் பாப்போம். ஏழு மாசக் குழந்தைக்கு உள்ளங்கால் வழவழன்னு, அதிகம் போனா முன்னாடி ஒண்ணு ரெண்டு கோடு. மாசம் நிறைஞ்சதுக்கு விரல்லேர்ந்து குதிகால் வரைக்கும் ரேகை ஓடியிருக்கும்.

இந்தப் புள்ளைக்கு ஓடியிருந்துச்சு.

ஆமா. நீங்க கணக்குப் போடறது சரிதான். அவன் ஊருக்கு வர்றதுக்கு முன்னாடியே வயித்துல வந்தது. யாரோடதுன்னு நான் கேக்கல, நீங்களும் கேக்காதீங்க. இது உங்களுக்கும் எனக்கும் மட்டும். வயிறு நாளுக்கு மீறித் தெரியுதுன்னு அவன் மிதிச்சிருக்கான். தெரியக் கூடாதுன்னு இவ ஒரு வேளைக்கு மேல சாப்பிடாம, துணியச் சுத்திக் கட்டிக்கிட்டுத் திரிஞ்சிருக்கா. ரெண்டு பேரும் சேந்து அந்தப் புள்ளைய ஒண்ணே முக்கால் கிலோவுக்குக் கொண்டு வந்துட்டாங்க.

நான் சார்ட்டுல முப்பத்திரண்டு வாரம்னு எழுதினேன். வேணும்னே எழுதினேன். பதினாறு வருஷத்துல நான் எழுதின ஒரே பொய். எடை ஒத்துப் போச்சு பாருங்க, யாருக்கும் சந்தேகம் வரல. அன்னிக்குச் சாயந்திரம் அவன் வந்தான். ஆள் ஒண்ணும் ராட்சசன் மாதிரி இல்ல மேடம், ஒல்லி. தலைய நல்லாப் படிய வாரியிருந்தான். ஏன் இவ்வளவு சின்னதா இருக்குன்னான். ஏழு மாசத்துல வேற எப்படிப்பா இருக்கும், அவசரமா வந்துடுச்சுன்னேன். அவன் மூஞ்சி அப்படியே இளகிப் போச்சு. பொண்டாட்டிக்கு ஆரஞ்சு வாங்கிட்டு வந்தான். உரிச்சு, கொட்டையெல்லாம் எடுத்துக் குடுத்தான். அவ சாப்பிட்டா. நாலு நாள் அப்படித்தான் போச்சு.

அஞ்சாம் நாள் பெரிய டாக்டர் லீவு முடிஞ்சு வந்தாரு. நல்ல மனுஷன். குழந்தையப் பாத்தாரு, சார்ட்டப் பாக்கல. வராந்தாவுல இவன் கைகட்டி நிக்கறதப் பாத்து, ஒரு அப்பனுக்கு நல்ல செய்தி சொல்லணும்னு ஆசை அவருக்கு. பயப்படாதப்பா, இது குறை மாசமே இல்ல, மாசம் நிறைஞ்ச குழந்தை, உள்ளங்கால் பூரா ரேகை ஓடியிருக்கு, சும்மா இளைச்சுக் கிடக்குது, பத்து நாள்ல வீட்டுக்குத் தூக்கிட்டுப் போயிடலாம்னாரு. தோள்ல வேற தட்டினாரு. நான் பால் அளந்துக்கிட்டிருந்தேன். டம்ளர் கையிலயே நின்னு போச்சு.

அவன் நேரா அவ படுக்கைக்குப் போனான். நான் பாக்கல, சத்தம்தான் கேட்டேன். முடியப் புடிச்சுத் தூக்கிக் கட்டில் கம்பில மோதியிருக்கான், தேங்கா உடைக்கிற மாதிரி. தாடை ரெண்டாப் போச்சு. இன்னைக்கும் உறிஞ்சு குழல்லதான் கஞ்சி குடிக்கிறா. அங்கேர்ந்து சலைன் மாட்டுற கம்பி ஸ்டாண்டப் புடுங்கிக்கிட்டு இங்க வந்தான். காலைல பதினொரு மணி, பால் குடுக்கிற நேரம். உள்ள ஒம்பது குழந்தைங்க, நானும் வாயாடியும். வாயாடின்னா என்கூட டியூட்டி பாக்குற பொண்ணு, வாய மூடவே மாட்டா. அவதான் முதல்ல கதவுகிட்ட நின்னா. ஒரே வீச்சு, முன்பல்லு நாலும் தரையில. அடுத்த வீச்சு எனக்கு, இந்தக் கையில. அப்புறம் ஜன்னல் கண்ணாடி. பொறந்து ரெண்டு நாள் ஆன குழந்தைங்க மேல கண்ணாடித் தூள் மழை மாதிரி கொட்டுது. இன்க்யூபேட்டர் ஒண்ணு நொறுங்குச்சு. நல்லவேளை, அதுல ஆள் இல்ல. மூலைல இருந்த மூச்சு மெஷின எட்டி உதைச்சான். அது விழுந்து ஓஞ்சு போச்சு.

நான் ஓடிப் போய்க் கையால அமுக்குற பலூனக் குழாய்ல மாட்டி அந்த இருபத்தேழு வாரத்துக்கு மூச்சு குடுக்க ஆரம்பிச்சேன். ரத்தம் பலூன் மேல வழுக்குது. அவன் ஒவ்வொரு தொட்டிலா நின்னு சீட்டுல இருக்கிற தாய் பேரப் படிக்கிறான். நிதானமா. கடைசியாக் கண்டுபுடிச்சான்.

ம். நீங்க எழுதினதப் படிங்க, கேக்கறேன்.

... குழந்தைய அடிக்கக் கம்பிய ஓங்கினப்போ, தடுக்கறதுக்காக, பக்கத்துல இருந்த, ஆக்சிஜன் சிலிண்டர் திறக்கிற ஸ்பேனரால. ம். வாயாடி அப்படிச் சொன்னாளா? அவ மயங்கிக் கிடந்தா மேடம். பாவம், எனக்காகச் சொல்லியிருக்கா.

நீங்க நல்லவங்க, கேஸ முடிச்சுக் குடுக்கணும்னு பாக்கறீங்க. ஆனா ஏற்கனவே ஒரு பொய் எழுதிட்டேன். அந்தப் பொய்க்கு ஒரு பொண்ணோட தாடையும் ஒரு ஆள் உசுரும் போச்சு. இன்னொண்ணு என்னால முடியாது. ஏன் அடிச்சேன்னு கேட்டா கோவத்துலன்னு போட்டுக்கோங்க. அந்தப் பொண்ண மட்டும் இழுக்காதீங்க.

அவன் கம்பிய ஓங்கல. சுவத்துல சாத்தி வச்சுட்டான். சத்தம் வராம, மெதுவா. அப்புறம் குனிஞ்சு, ரெண்டு விரலால அந்தப் புள்ளையோட காலப் புடிச்சு வெளிச்சத்துல திருப்பிப் பாத்தான். கட்டை விரலால தடவினான். என்னைப் பாக்காமலே, சிஸ்டர், இதுக்கு ரேகை இருக்குன்னான். அவ்வளவு சின்னக் குரல். அடுத்து என்ன பண்ணியிருப்பான்னு எனக்குத் தெரியாது. கழுத்த நெரிச்சிருக்கலாம். அழுதிருக்கலாம். தொட்டில்லயே வச்சுட்டுப் போயிருக்கலாம்.

நான் பலூனக் கீழ வச்சேன். அந்தச் சின்னது மூச்சில்லாம எவ்வளவு தாங்கும்னு எனக்குத் தெரியும், அதனால எண்ணிக்கிட்டேதான் ஸ்பேனர எடுத்துக்கிட்டு நடந்தேன். திரும்பி வந்து பலூனத் தொடும்போது எண்ணிக்கை இருபத்திரண்டு. நீலம் பாஞ்சிருந்துச்சு, அமுக்க அமுக்கச் செவந்துடுச்சு. இன்னைக்குக் காலைல எடை போட்டேன், ஆயிரத்துப் பத்து.

மூணு அடி மேடம். முதல் அடியிலேயே விழுந்துட்டான். மத்த ரெண்டும் விழுந்தப்புறம்.