படத்தில் வைக்காதது

பிறத்தியார் பேச்சில் தலையிடுவது என் பழக்கமில்லை. ஆனால் நாகலூர் பஸ்ஸில் முன் சீட்டுத் தாடிக்காரர் சொன்னது காதில் விழுந்துவிட்டது.

"எனக்கு மகளே கெடையாதுன்னு சொன்னேனுங்க. அதை என் மகளே பாத்துட்டா."

பக்கத்தில் ஒரு பெண், மடியில் கொட்டுமேளமும் கேமராவுமாக இருந்தாள். வீடுவாசலை உதறி வந்தவர்கள் மலைமேல் சேர்ந்து வாழ்ந்த கூட்டத்தில் இருவரும் இருந்தவர்களாம். அவள் அங்கே ஆடியவள், அதையெல்லாம் படமும் எடுத்தவள்.

"கூட்டத்துல சேர்ற அன்னிக்கு எல்லாரும் உறவே இல்லேன்னு ஆடிக்கிட்டே சொல்றதுதானுங்களே அண்ணா. சும்மா கூத்துங்க."

"அது நமக்குத் தெரியும் அம்மணி. செம்மநத்தத்துல இருந்து உங்க படத்தைப் போன்ல பாத்தவளுக்குத் தெரியுமா? அவ கல்யாணத்துக்கு வராதேன்னுட்டா. படத்துல அந்த எடத்தை மட்டும் வெட்டிருங்க."

"நடந்ததை நடந்தபடி காட்டறதுதான் என் வேலைங்க. வெட்டமாட்டேன்."

"அன்னிக்கு நீங்களும் அம்மா இல்லேன்னு ஆடுனீங்களே. உங்க ஊட்டுல பாத்துட்டு அவங்க ஒண்ணும் சொல்லலீங்களா?"

அவள் ஜன்னலைப் பார்த்தாள். ஒண்டிக்கடை ஸ்டாப் வந்தது.

"நான் ஆடுனதை படத்துல வைக்கலீங்க அண்ணா."

"நொம்ப சந்தோசமுங்க," என்று சொல்லிவிட்டு அவர் இறங்கிக்கொண்டார்.