இன்னும் ஒரே ஒரு பிள்ளை

...அட, நீங்களே சொல்லுங்க, என் மூஞ்சியப் பாத்ததும் கதவச் சாத்துறாங்கன்னா, நான் என்ன வீட்ட ஜப்தி பண்ணவா வந்திருக்கேன்? டீச்சருங்க நான்! தெருமுனையில இருக்கே அரசாங்கப் பள்ளிக்கூடம், அதுல ஒண்ணாம் வகுப்பு டீச்சர். லீவு நாளுன்னு கூட பாக்காம காலையில இருந்து வீடு வீடா ஏறி இறங்கி, "பிள்ளையச் சேத்து விடுங்க, பிள்ளையச் சேத்து விடுங்க"ன்னு தொண்டத்தண்ணி வத்தக் கத்திட்டு இப்பதான் வந்து செருப்பக் கழட்டுறேன். வாங்க, உள்ள வாங்க, ஏன் வாசல்லயே நிக்கறீங்க? மேல் மாடிக்குப் புதுசா வந்தவங்கதான? தெரியும் தெரியும். நேத்து பீரோவ மாடிப்படியில ஏத்தும்போது உங்க வீட்டுக்காரர் போட்ட சத்தத்துலயே தெரிஞ்சுபோச்சு. என்னது, சுத்தியலா? இருக்கே. எடுத்துத் தர்றேன், உக்காருங்க. பாப்பா, நீயும் உக்காரும்மா. அந்தப் படமெல்லாம் எடுத்துப் பாத்துக்க, ஒண்ணும் சொல்ல மாட்டேன்.

சுத்தியல்... எங்க வச்சேன்... ஆங், என்ன சொல்லிட்டிருந்தேன்? பத்துப் பிள்ளைங்க வேணுங்க. பத்து இருந்தாதான் ஒண்ணாம் வகுப்பு நடக்கும், இல்லன்னா இழுத்து மூடிடுவாங்க. எங்கிட்ட இருக்கறது ஒம்பது. நாளைக்கு அதிகாரி வந்து தலைய எண்ணப் போறாரு. ஒண்ணு குறையுதேன்னு நானே போய் பெஞ்சுல உக்காந்தா ஒத்துக்குவாரா அந்த மனுஷன்? அந்த ஒம்பதையும் கொண்டு போய் ரெண்டாம் வகுப்புக்குப் பின்னாடி உக்கார வச்சிடுவாங்க. 'அ' எழுதத் தெரியாததுங்க அங்க போய் என்னத்தப் பண்ணும்? பெஞ்சத் தேச்சுக்கிட்டு உக்காந்திருக்கும். என்னைத் தூக்கி ஆத்துக்கு அந்தப் பக்கம் எங்கயாவது போடுவாங்க. கல்யாணமாகி வந்ததுல இருந்து இந்த ஒரே வகுப்புதாங்க எனக்கு. எந்த ஜன்னலுக்குக் கொக்கி மாட்டாது, கரும்பலகையில எந்த மூலையில சாக்பீஸ் வழுக்கும், எல்லாம் அத்துப்படி. அத விட்டுட்டுப் போன்னா எப்படிங்க போவேன்?

எல்லாம் அந்தக் கண்ணாடி ஸ்கூலால வந்த வினை. பாத்திருப்பீங்களே, பெரிய ரோட்டுல, மேலருந்து கீழ வரைக்கும் கண்ணாடி. வாசல்ல நீரூத்து வேற! பிள்ளைங்க குடிக்கத் தண்ணி வீட்டுல இருந்து தூக்கிட்டுப் போகுது, இவங்க வேடிக்கை பாக்கறதுக்குத் தண்ணியப் பீச்சியடிக்கறாங்க. மருந்துக்கடைக்காரர் காலையில என்கிட்ட என்ன சொன்னாரு தெரியுமா? "உங்க ஸ்கூல்ல டை கிடையாதே டீச்சர்"ங்கறாரு. டை! அவரு கல்யாணத்துக்கே டை கட்டல, நான்தான் முன்வரிசையில உக்காந்து பாத்தேனே. கழுத்துல ஒரு கயிறு தொங்கலன்னா தலைக்குப் படிப்பு ஏறாதா?

அடுத்து நர்ஸம்மா வீடு. அந்தம்மாவுக்கு வாயெல்லாம் பல்லு. "எங்க சின்னவன் தூக்கத்துல கூட இங்கிலீஷ்லதான் பொலம்பறான்"ங்கறாங்க. பெரிய பெருமை! அவசரத்துக்குப் போகணும்னா கூட அங்க இங்கிலீஷ்ல கேட்டாதான் விடுவாங்களாம். பாவம், அவனுக்கு இங்கிலீஷ் வர்றதுக்குள்ள வேற வந்துடுது. பைக்குள்ள ரெண்டு நிக்கர் வச்சு அனுப்பறாங்க. நான் ஒண்ணு கேக்கறேன், எங்க வகுப்புல விரலத் தூக்குனா போதும், போயிட்டு வான்னுடுவேன். அதுக்கு மேல என்னங்க வசதி வேணும் ஒரு பிள்ளைக்கு?

அட, பயப்படாதீங்க. சுத்தியல ஆட்டி ஆட்டிப் பேசறேன்ல? கையில ஸ்கேல் வச்சுப் பேசியே பழக்கமாயிடுச்சு. இருங்க, தர்றேன், எங்க ஓடப் போகுது.

என்ன கேட்டீங்க? என் பையனா? எந்த ஸ்கூலா? அவன்... அவன் வந்து... கண்ணாடி ஸ்கூல்தாங்க. இருங்க, இருங்க, அப்படிப் பாக்காதீங்க. அது வேற விஷயம். முதல்ல அவங்கப்பா ஒத்தக்கால்ல நின்னாரு. ரெண்டாவது, என் வகுப்புல சேத்தா டீச்சர் பையன்னு செல்லம் குடுக்கறேம்பாங்க, நாளைக்கு ஒரு சொல்லுக்கு இடமாயிடும். அதுவுமில்லாம அவனுக்கு எப்பவும் சளி. கொக்கி மாட்டாத ஜன்னல்னு சொன்னேன்ல, காத்து நேரா மூஞ்சியில அடிக்கும், தாங்க மாட்டான். மத்த பிள்ளைங்களா? அதுங்களுக்குப் பழகிடுச்சுங்க.

அத விடுங்க. நான் என்ன சொல்ல வந்தேன்னா, அங்க போய் நின்னதும் சேத்துக்குவாங்கன்னு நெனைக்காதீங்க. இன்டர்வியூ! அஞ்சு வயசுப் பிள்ளைக்கு! அம்மா கைய விட்டுட்டு அழாம உள்ள வருதான்னு ஒருத்தி கதவிடுக்குல நின்னு பாப்பா. அழுதா அங்கயே கோடு போட்டுடுவா. அப்புறம் ஒரு படத்தக் காட்டி இதுல என்ன குறையுதும்பாங்க. பத்துல இருந்து பின்னாடி எண்ணச் சொல்லுவாங்க. கடைசியில ஒரு மிட்டாயக் குடுத்து, காகிதத்த எங்க போடுதுன்னு பாப்பாங்க. சட்டைப்பையில வச்சா பாஸ், கீழ போட்டா போச்சு! இதெல்லாம் யாருக்குத் தெரியும்? எனக்குத் தெரியும். எப்படின்னா கேக்கறீங்க?

சாயங்காலமானா பிள்ளைங்கள இங்க கொண்டாந்து விட்டுடுவாங்கங்க. ட்யூஷன் இல்ல, சேச்சே! அரசாங்க உத்தியோகத்துல இருந்துக்கிட்டு அதெல்லாம் பண்ணலாமா? சும்மாதான். முதல்ல மருந்துக்கடைக்காரர் பொண்ணு வந்துச்சு. வாயத் தொறந்தா "நா... நா..."ன்னு அதுலயே நிக்கும். ஒரு பிள்ளை என் முன்னால வந்து தெரியாம முழிச்சுக்கிட்டு நின்னா என்னால சும்மா இருக்க முடியாதுங்க. கை பரபரங்கும். உக்கார வச்சுப் பேச வச்சேன், எண்ண வச்சேன், மிட்டாய்க் காகிதத்த மடிச்சுப் பையில வைக்கப் பழக்குனேன். டக்குனு சீட்டு கெடைச்சிடுச்சு! அப்புறம் கேக்கணுமா? நர்ஸம்மா ரெண்டையும் இழுத்துட்டு வந்தாங்க. எதிர்வீட்டு பேங்க்காரர் வந்தாரு. தையக்கார அக்கா அழுதுக்கிட்டே வந்துச்சு. இந்தத் தெருவுல இருந்து போன பிள்ளை ஒண்ணு கூட அங்க தோத்ததில்ல, தெரிஞ்சுக்கங்க! போன வருஷம் அந்த பிரின்சிபாலே கேட்டிருக்கா, "இந்தத் தெருப் பிள்ளைங்கள மட்டும் யாரு இப்படித் தயார் பண்றது"ன்னு!

அப்படிப்பட்ட என்னைப் பாத்துதான் இன்னிக்குக் கதவச் சாத்துறாங்க. நன்றி கெட்ட ஜனங்க. இவ்வளவு பிள்ளைங்க இருக்கற தெருவுல எனக்குன்னு ஒரு பிள்ளை மிஞ்சல பாருங்க! எங்கதான் போச்சுங்களோ எல்லாம்... என்னங்க? ஏன் சிரிக்கறீங்க?

இந்தா, பாப்பா கையில அந்தப் படம் இருக்கு பாருங்க! அதத்தான் அங்க காட்டுவாங்க. எங்க சொல்லு, இந்தப் படத்துல இருக்கற வீட்டுல என்னம்மா குறையுது? ...என்னது? என்ன சொன்ன? அடியாத்தி! கேட்டீங்களா உங்க பொண்ணு சொன்னத? எல்லாப் பிள்ளையும் கதவு இல்லன்னுதான் சொல்லும். இவ, "உள்ள இருக்கறவங்க பாவம், எப்படி வெளிய வருவாங்க"ங்கறா! இத்தன வருஷத்துல ஒரு பிள்ளை கேட்டதில்லங்க இத. என்ன வயசு? அஞ்சா? ஸ்கூல்ல சேத்தாச்சா? ...இன்னும் இல்லையா!

இங்க பாருங்கம்மா, உங்க காலப் புடிச்சுக் கேக்கறேன்... என்ன? நேத்தே முடிவு பண்ணிட்டீங்களா? எந்த ஸ்கூல்? ...எங்க ஸ்கூலா? பக்கத்துலயே இருக்கு, நடந்தே போயிடலாம்னா? நாளைக்குக் காலையிலயேவா? அய்யோ, என் ராசாத்தி! வயித்துல பால வாத்தீங்க போங்க. பத்து! பத்தாயிடுச்சு! இத மொதல்லயே சொல்லக் கூடாதா, என்னை இவ்வளவு நேரம் கத்த விட்டீங்களே! ரெண்டாவது பெஞ்சுல உக்கார வைக்கறேன். நல்ல வெளிச்சம் வர்ற இடம். அந்த ஜன்னலுக்குப் பக்கத்துல...

...அந்த ஜன்னலுக்குத்தான் கொக்கி மாட்டாது.

இல்ல... உங்க வீட்டுக்காரரும் சரின்னுட்டாரா? அவருதான் மொதல்ல சொன்னாரா? ம். இல்ல, எதுக்குக் கேக்கறேன்னா... இவ சாதாரணப் பிள்ளை இல்லம்மா. இப்படி ஒரு கேள்வி கேக்கற பிள்ளைய அங்க கொண்டாந்து... அந்த ஒம்பதுக்கும் 'அ' எழுதக் கத்துக் குடுக்கவே எனக்குப் பாதி வருஷம் போயிடும். அது வரைக்கும் இவ என்ன பண்ணுவா? என் மூஞ்சியப் பாத்துக்கிட்டு உக்காந்திருப்பா. நல்லதுதான், நல்லதுதான், நான் இல்லேங்கல. எனக்கும் பத்து ஆயிடும். ஆனா எனக்காகன்னு ஒரு பிள்ளையோட படிப்ப... டீச்சரா இல்லம்மா, நானும் ஒருத்தனப் பெத்தவ, அதுல சொல்றேன். வேணாம். அவசரப்படாதீங்க. கண்ணாடி ஸ்கூல்ல மிச்ச சீட்டுக்கு இந்த மாசக் கடைசியில இன்னொரு இன்டர்வியூ இருக்கு, யாருக்கும் தெரியாது. அவள என்கிட்ட விடுங்க, கதவுன்னு சொல்ல வச்சிடறேன். நாளைக்கு சாயங்காலத்துல இருந்தே அனுப்புங்க. அந்த அதிகாரி வந்து ஒம்பது தலைய எண்ணிட்டுப் போனதுக்கப்புறம் நான் சும்மாதான இருக்கப் போறேன்.